அது பொம்மையின் கை இல்லை

போன மாதம் சென்னையிலிருந்து ஒரு கல்லூரி ஆசிரியை என்னைத் தேடி ஏரிக்கரையிலிருக்கிற எங்கள் ஊர் தோணிரேவுக்கு வந்தார். சினிமா சொல்லிக்கொடுக்கிற கல்லூரி. கூடவே கேமராவும் மைக்குமாக நாலு மாணவிகள். நான் முப்பத்தெட்டு வருடம் கோடம்பாக்கத்தில் மினியேச்சர் வேலை செய்தவன். பெரியதைச் சின்னதாகச் செய்து, திரையில் மறுபடி பெரியதாகக் காட்டுகிற வேலை. ரயில், பாலம், கோபுரம், கப்பல் எல்லாம் செய்திருக்கிறேன், கவிழ்த்திருக்கிறேன், எரித்திருக்கிறேன். இன்றைக்கு அதையெல்லாம் கம்ப்யூட்டரில் செய்கிறார்கள். செய்யட்டும். எனக்கு அதில் ஒரு வருத்தமும் கிடையாது, என் முதுகாவது பிழைத்தது. என் கோபம் வேறு.

அந்த ஆசிரியை லேப்டாப்பைத் திறந்து ஒரு காட்சியை ஓட்டினார். புயலில் ஒரு தோணி கவிழ்கிறது. ஒன்பது நொடி.

“சார், இதை நான் வருஷா வருஷம் கிளாஸ்ல போட்டுக் காட்டறேன். நம்ம ஊர்ல செஞ்ச மினியேச்சர்லயே இதுதான் பெஸ்ட். அந்தப் பொம்மையோட கையைப் பாருங்க. ரெண்டு தடவை அசையுது. கம்பியை எங்க சார் மறைச்சீங்க?”

நான் எழுந்து கத்தினேன். என்னவெல்லாம் கத்தினேன் என்று எனக்கே நினைவில்லை. அது பொம்மை இல்லை, என் அத்தை மகன், எல்லாரும் வெளியே போங்கள் என்று சொன்னது மட்டும் நினைவிருக்கிறது. டீ எடுத்து வந்த என் மனைவி தட்டோடு அப்படியே நின்றுவிட்டாள். அவர்கள் போய்விட்டார்கள். மறுநாள் அந்த ஆசிரியையிடமிருந்து போனுக்குச் செய்தி வந்தது. மன்னித்துவிடுங்கள், நீங்கள் சொன்னது புரியவில்லை, நடந்ததை எழுதிக் கொடுத்தால் இனி வகுப்பில் அதையே படித்துக் காட்டுகிறேன் என்று எழுதியிருந்தார். கூடவே அந்த ஒன்பது நொடியையும் அனுப்பியிருந்தார்.

அதனால் எழுதுகிறேன். படத்தில் அசைவது என் அத்தை மகன் தேசப்பனின் இடது கை. அது அசைந்துகொண்டிருந்தபோது தண்ணீருக்குள் அவனுடைய வலது கை நசுங்கிக்கொண்டிருந்தது. முழங்கைக்கு மேல் அதை எடுத்துவிட்டார்கள். முப்பது வருடமாக அவன் கை ஒரு பொம்மையின் பெயரில் பாராட்டு வாங்கிக்கொண்டிருக்கிறது. அதை அவன் பெயருக்கு மாற்றி எழுதவேண்டும். எனக்கு வேண்டியது அவ்வளவுதான்.

வேலையில் சேர்ந்த கதையைச் சுருக்கிவிடுகிறேன். எனக்குப் படிப்பு ஏறவில்லை. தோணி ஏறினால் வாந்தி எடுப்பேன். எங்கள் ஊரில் தோணியில் வாந்தி எடுக்கிறவனுக்குப் பெண் கொடுக்கவே யோசிப்பார்கள். நைனா என்னைப் பொன்னேரியில் ரயிலேற்றி ஒரு ஸ்டுடியோவின் தச்சுப் பட்டறையில் கொண்டுபோய் விட்டார். நாலு வருடம் உப்புத்தாள் தேய்த்தேன். அதில் சொல்ல ஒன்றுமில்லை. பிறகு நாதமுனி மாஸ்டர் என்னைத் தன் பக்கம் எடுத்துக்கொண்டார்.

மாஸ்டர் மினியேச்சரும் தந்திரக் காட்சியும் செய்து தருகிறவர். லைட் தூக்குகிறவரைக்கூட ‘வாங்க, போங்க’ என்றுதான் கூப்பிடுவார். குரலை உயர்த்தி நான் கேட்டதில்லை. ஒரு வேலை முடிந்ததென்று சொன்னால் வருவார். கண்ணாடியைக் கழற்றிச் சட்டைப் பைக்குள் வைப்பார். மேசைமேல் கன்னத்தைப் பதித்து, ஒரு கண்ணை மூடி, மினியேச்சரின் தரைமட்டத்துக்கு மறு கண்ணைக் கொண்டுவருவார். “இங்க ஒரு ஆள் நிக்கிறான். அவன் கண்ணுக்கு இது எப்படித் தெரியும்?” என்று மெதுவாகக் கேட்பார். கேள்வி எனக்கில்லை, அவருக்கே. சரியில்லையென்றால் எழுந்து, “தூக்குங்க” என்று சொல்லிவிட்டுப் போய்விடுவார். எடுத்துவிட்டு மறுபடி செய் என்று அர்த்தம், என்ன தப்பென்று சொல்லமாட்டார். ஒரு கோட்டை வாசலை ஏழு தடவை தூக்கச் சொன்னார். ஏழாவது தடவைதான் எனக்கு உறைத்தது: கதவிலிருந்த ஆணித் தலைகளை எல்லாம் நூல் பிடித்தமாதிரி ஒரே வரிசையில் அடித்திருந்தேன். எந்தக் கொல்லன் அப்படி அடிப்பான்?

அவரிடம் நான் பெயர் வாங்கியது ஒரு மேகத்தால். புயல் மேகம் திரண்டு வரவேண்டும். கண்ணாடித் தொட்டியில் தண்ணீர் நிரப்பி, அதற்குள் ஊசியால் வெள்ளைப் பெயின்ட்டைச் செலுத்தினால் மேகம் மாதிரி விரியும். ஆனால் விரிந்த கையோடு கஞ்சி மாதிரி அடியில் போய் உட்கார்ந்தது. மூன்று நாள் இதே கதை. நான்காம் நாள் தயங்கித் தயங்கி, “அடியில உப்புத் தண்ணி உட்டு, மேல நல்ல தண்ணி உட்டுப் பாக்கலாமா மாஸ்டர்?” என்றேன். எங்கள் ஏரியில் மழைக்காலத்தில் அதுதான் நடக்கும். ஆற்றுத் தண்ணீர் மேலே நிற்கும், கடல் தண்ணீர் அடியில் கிடக்கும், இரண்டும் சீக்கிரத்தில் சேராது. இறால் எந்தத் தண்ணீரில் இருக்கிறது என்று பார்த்துத்தான் எங்கள் ஆட்கள் வலை போடுவார்கள். அப்படியே செய்தோம். உப்புத் தண்ணீர்மேல் பிளாஸ்டிக் தாளை விரித்து, அதன்மேல் நல்ல தண்ணீர் ஊற்றி, தாளை மெல்ல உருவினோம். பெயின்ட் இறங்கி வந்து உப்புத் தண்ணீரின் தலையில் முட்டி, பரந்து, சுருண்டு, புரண்டது. மாஸ்டர் கன்னத்தைக் கண்ணாடியில் வைத்து வெகுநேரம் பார்த்தார். தூக்குங்க என்று சொல்லவில்லை.

“உங்க ஊர் ஆளுங்களுக்கு வேற என்னல்லாம் தெரியும், எத்திராஜ்?” என்று கேட்டார்.

அந்தக் கேள்வியால்தான் பல வருடம் கழித்து அவர் எங்கள் ஏரிக்கு வந்தார்.

மீனவர் கதை ஒன்று படமானது. கடைசியில் தோணி கவிழவேண்டும். மாஸ்டர் போட்ட திட்டம் தெளிவானது. தூரக் காட்சிகளை ஏரியில் உண்மைத் தோணியில் எடுப்பது. கவிழ்வதை மட்டும் ஸ்டுடியோ தொட்டியில், நாலில் ஒரு பங்கு அளவில் எடுப்பது. இயக்குநர் ஒத்துக்கொண்டார். ஏரிக்கு வந்து இரண்டு நாள் வெயிலில் நின்றதும் மனம் மாறிவிட்டார். உண்மைத் தோணி இருக்கிறது, உண்மைத் தண்ணீர் இருக்கிறது, இங்கேயே கவிழ்த்துவிட்டால் என்ன என்றார். மாஸ்டர் மூன்று தடவை வேண்டாமென்றார். மூன்றாவது தடவை இயக்குநர், “அப்ப வேற ஆள வெச்சு எடுத்துக்கறேன்” என்றார். மாஸ்டர் கண்ணாடியைக் கழற்றிப் பைக்குள் வைத்துக்கொண்டார். வேறு எவனாவது செய்தால் ஆள் சாவான் என்று அவருக்குத் தெரியும். அதனால் தானே செய்ய ஒத்துக்கொண்டார்.

செய்முறை இது. முகத்துவாரத்துக்கு உள்ளே, ஏரிப் பக்கம், நெஞ்சளவுத் தண்ணீரில் தோணி நிற்கும். கரைப்பக்க விளிம்பில் ஒரு கயிறு. அது நேராக அடிக்கு இறங்கி, தரையில் கல்லோடு பிணைத்த கப்பி வழியாக, தண்ணீருக்குள்ளேயே கரைக்கு வரும். கரையில் நாலு பேர் அதைத் தோளில் போட்டு நடந்தால் தோணியின் ஒரு பக்கம் முங்கும், தண்ணீர் ஏறும், தோணி சாயும். கயிறு படத்தில் தெரியாது. கதாநாயகனுக்குப் பதிலாகத் தோணியில் இருக்கவேண்டியவன் தேசப்பன். கயிற்றின் முடிச்சை அவன்தான் போடவேண்டும், ஏனென்றால் அவன் முடிச்சு அவிழாது. முடிச்சைக் கடைசியாக ஒருமுறை இறுக்கிவிட்டு எதிர்ப்பக்கம் போய்விடுவான். அதற்குப் பிறகுதான் இழுக்கவேண்டும். ஐந்து பேரையும் ஊரிலிருந்து கூட்டி வந்தது நான்.

முதல் நாள் மாஸ்டர் கரையில் உட்கார்ந்து கயிறு பிடிக்கிற நாலு பேரிடமும் கேட்டார். “இழுக்கறதுக்கு நீங்க என்ன சொல்லுவீங்க?”

“வாங்குன்னுவோம்.”

வலையை இழுப்பதை எங்கள் ஊரில் வாங்குவது என்றுதான் சொல்வோம். கயிறானாலும் அப்படித்தான். தளர்த்துவது என்றால் இளக்கு. மாஸ்டர் இரண்டு வார்த்தையையும் தன் தாளில் எழுதிக்கொண்டார். அவர்களுடைய வார்த்தையிலேயே உத்தரவு கொடுத்தால்தான் பிசகு வராது, நானே மெகாபோனில் சொல்கிறேன், வேறு யார் சொன்னாலும் இழுக்காதீர்கள் என்றார். எல்லோர் முன்னாலும்தான் சொன்னார். இணை இயக்குநர் அப்போது நாற்காலியில் சாய்ந்து இளநீர் குடித்துக்கொண்டிருந்தான். அவன் காதில் விழுந்ததா என்று எனக்குத் தெரியாது. விழுந்திருந்தால் அவன் இன்னும் பெரிய அயோக்கியன்.

காட்சி ஆரம்பித்தது. லாரி இன்ஜினில் ஓடுகிற காற்று மிஷினை நான்தான் இயக்கினேன். ஒருவன் அதன்முன் தண்ணீரைப் பீய்ச்சினான். கேமரா ஓடியது. தேசப்பன் குனிந்து முடிச்சை இறுக்கிக்கொண்டிருந்தான். அந்த நேரம் பார்த்து, வேடிக்கை பார்க்க வந்த ஒரு படகு ஓரத்தில் மிதந்து கேமராவுக்குள் வந்துவிட்டது. இணை இயக்குநருக்குப் பொறுக்கவில்லை. மெகாபோனை எடுத்து அவர்களைப் பார்த்துக் கத்தினான்.

“பின்னாடி வாங்கு! பின்னாடி வாங்குப்பா! வாங்கு!”

பட்டணத்து ஆள் யாராக இருந்தாலும், பின்னால் போகச் சொல்கிறான் என்று புரிந்துகொண்டிருப்பான். காற்று மிஷினின் இரைச்சலில் கரையிலிருந்த நாலு பேருக்குக் காதில் விழுந்தது ஒரே ஒரு வார்த்தை. மெகாபோனில் வருகிற குரல் யாருடையது என்று அந்த இரைச்சலில் எவனுக்குத் தெரியும்? கயிற்றைத் தோளில் போட்டு, ஏரிக்கு முதுகைக் காட்டி, வாங்கினார்கள்.

கயிற்றுக்கும் விளிம்புக்கும் நடுவில் தேசப்பனின் வலது கை மாட்டிக்கொண்டது. தோணி சாய்ந்தது, அவன் கழுத்துவரை முங்கினான். இடது கை தண்ணீருக்கு மேலே வந்து இரண்டு தடவை அசைந்தது. இயக்குநர் ‘கட்’ சொல்லவில்லை. காட்சி அவ்வளவு நன்றாக வந்துகொண்டிருந்தது. அந்த இரைச்சலில் என்னால் ஒன்றும் செய்ய முடியவில்லை. ஒன்பதாவது நொடியில் மாஸ்டர் ஓடிப்போய்க் கயிற்றுக்காரர்களைக் கட்டிப்பிடித்து நிறுத்தினார். அவருக்கு அப்போது அறுபது வயது.

அதற்குப் பிறகு நடந்ததை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு ரத்தம் கொதிக்கிறது. விசாரணை வரும் என்று கம்பெனிக்குப் பயம். மேனேஜர் ஒரு கதை கட்டினார். மீனவர்கள் குடித்துவிட்டு வந்து ஒத்திகையில் கயிற்றை இழுத்துவிட்டார்கள். அப்போது கேமராவே ஓடவில்லை. எங்கள் ஆட்கள் அன்றைக்குக் காலையில் குடித்தது கூழ். படத்தில் வருகிற காட்சி எது என்று யாராவது கேட்டால்? அது மினியேச்சர். மினியேச்சர் எங்கே என்று கேட்டால்? செய்துவிட்டால் போகிறது.

ஆமாம், செய்தோம். பொய்க்குச் சாட்சியாக ஒரு தோணியும் ஒரு பொம்மையும் செய்தோம். மாஸ்டர் என்னைக் கூப்பிட்டு, சுவரைப் பார்த்துக்கொண்டே, “செய்யச் சொல்றாங்க எத்திராஜ். செஞ்சிடுங்க” என்றார்.

என் தொழிலில் நான் செய்ததிலேயே சுத்தமான வேலை அதுதான் என்பதை எங்கே போய்ச் சொல்ல? கல்யாண முருங்கைக் கட்டையில் உடம்பு. ரப்பர் பாலில் தோல். சின்ன உருவத்தில் நிஜ லுங்கி கோணி மாதிரி விறைக்கும், அதனால் மல் துணியில் ஒற்றை முடித் தூரிகையால் கட்டம் போட்டேன். இடது கைக்கு மட்டும் பதினோரு நாள். விரல்கள் ஒட்டியிருக்கவேண்டும், உள்ளங்கை கீழே பார்க்கவேண்டும், மணிக்கட்டு இரண்டு தடவை கீழே அழுத்தவேண்டும். தோள் வழியாக ஒரு கம்பி, தோணியின் அடியில் ஒரு நெம்புகோல். தொட்டியில் வைத்து, நாலில் ஒரு பங்குக்கு எப்படி ஓட்டவேண்டுமோ அப்படிக் கேமராவை இரட்டை வேகத்தில் ஓட்டி எடுத்தார்கள். போட்டோவும் பிடித்தார்கள். மாஸ்டர் அன்றைக்கு வரவில்லை. அவர் கன்னம் பதித்துப் பார்க்காத ஒரே மினியேச்சர் அது.

தொட்டியில் எடுத்தது படத்தில் ஒரு நொடிகூட வரவில்லை. பத்திரிகைகளில் போட்டோ மட்டும் வந்தது. கண் இருக்கிறவனுக்கு வித்தியாசம் தெரியும். எதைச் சின்னதாக்கினாலும் தண்ணீர்த் துளியைச் சின்னதாக்க முடியாது. பூந்திக்கொட்டை ஊறவைத்த தண்ணீரைக் கலந்து பார்த்தோம், அப்போதும் துளிகள் கோலிக்குண்டு மாதிரிதான் தெறித்தன. படத்தில் இருப்பதைப் பாருங்கள், துளி மாவு மாதிரி பறக்கிறது. அது முழு அளவுத் தோணி. வருஷா வருஷம் பாடம் நடத்துகிறவர்கள் ஒரு தடவையாவது அந்தத் தண்ணீரைப் பார்த்திருக்கவேண்டாமா? பொம்மை என்று எழுதியிருந்தது, பொம்மை என்று நம்பிவிட்டார்கள். எனக்குச் சிறந்த மினியேச்சருக்கான கேடயம் கொடுத்தார்கள். ஏரியில் வீசிவிட்டேன் என்று எழுதினால் நன்றாக இருக்கும். வீசவில்லை. பீரோ மேல் இருக்கிறது.

தேசப்பனுக்குக் கை போனதும் எல்லாம் போனது. ஏரியில் இறால் வலை போட எங்களுக்கு முறை உண்டு, அதற்குப் பாடு என்று பெயர். இன்றைக்கு இவர், நாளைக்கு அவர் என்று சுற்றி வரும். ஒற்றைக் கையால் வலை வாங்க முடியாதவனுக்கு என்ன பாடு? அவன் முறை அவன் தம்பிக்குப் போனது. இவன் நண்டு வலைக்கு மாறினான். கயிற்றைப் பல்லால் கடித்துப் பிடித்து, இடது கையால் நண்டை எடுப்பான். முன்பற்கள் இரண்டும் அதில்தான் போயின. கயிறு பிடித்த நாலு பேரையும் ‘குடிகாரக் கயிறு’ என்று ஊரே கேலி செய்தது. அதில் இரண்டு பேர் அந்தப் பெயரோடுதான் செத்தார்கள்.

இதுவரை நான் ஒரே மூச்சில் எழுதியது. இதை அப்படியே அந்த ஆசிரியைக்கு அனுப்புவதாக இருந்தேன். அதற்குமுன் தேசப்பனுக்குப் படித்துக் காட்டவேண்டும் என்று தோன்றியது. நேற்று மத்தியானம் போனேன். வலையில் சிக்கியிருந்த பாசியைக் கழித்துக்கொண்டிருந்தான். முழுவதையும் கேட்டான். நடுவில் ஒரு தடவை சிரித்தான், நான் தோணியில் வாந்தி எடுப்பதாக எழுதிய இடத்தில்.

“அந்தப் படம் உங்கிட்ட கீதா?” என்றான்.

அவன் அதைப் பார்த்ததே இல்லை. படம் வந்தபோது ஊரே பொன்னேரிக்குப் போய்ப் பார்த்தது, இவன் போகவில்லை. போனில் போட்டுக் கொடுத்தேன். ஒன்பது நொடி பார்த்தான்.

“நல்லாத்தான் எடுத்துக்கிறானுங்க. இன்னொரு தபா போடு.”

போட்டேன். இந்தத் தடவை கை மேலே வருகிற இடத்தில் கட்டை விரலை வைத்து நிறுத்தினான்.

“இது இன்னான்னு தெர்தா மச்சான்?”

நான் குனிந்து பார்த்தேன்.

“இளக்குன்னு சொல்றேன்” என்றான். விரல்களை ஒட்டி, உள்ளங்கையைக் கீழே காட்டி, இரண்டு தடவை அழுத்திக் காட்டினான். தோணியில் குரல் எட்டாத தூரத்தில் எங்கள் ஆட்கள் கயிற்றைத் தளர்த்தச் சொல்வது அப்படித்தான். “ரெண்டு தபா சொல்லிக்கிறேன் பாரு. கயித்துக்காரனுங்க அந்தாண்ட திரும்பிக்கினு இருந்தானுங்க, அவனுங்களுக்குத் தெரியாது. நீ எங்க நின்னுக்கினு இருந்த?”

“காத்து மிஷின்கிட்ட.”

“என்னியப் பாத்துக்கினு?”

“ஆமா.”

“தெரிஞ்சிதா உனுக்கு?”

இரைச்சலில் ஒன்றும் செய்ய முடியவில்லை என்று மேலே எழுதியிருக்கிறேன். அதை அடிக்கவில்லை, அப்படியே இருக்கட்டும். மிஷினை நிறுத்துகிற விசை என் இடுப்புக்குப் பக்கத்தில் இருந்தது. நிறுத்தியிருந்தால் இரைச்சல் அடங்கியிருக்கும். ஒரு சத்தம் போட்டிருந்தால் கயிற்றுக்காரர்கள் திரும்பியிருப்பார்கள். கேமரா ஓடும்போது ‘கட்’ சொல்லாமல் எதையும் நிறுத்தக்கூடாது என்பது எங்கள் தொழிலில் முதல் பாடம். கையை விசைமேல் வைத்துக்கொண்டு ‘கட்’டுக்காகக் காத்திருந்தேன். அவன் முதல் தடவை காட்டியபோதே எனக்குப் புரிந்துவிட்டது. அந்த நாற்பது, ஐம்பது பேரில் அந்தக் கையைப் படிக்கத் தெரிந்து அதைப் பார்த்துக்கொண்டிருந்தவன் நான் ஒருவன்தான். என் மனைவியிடம்கூட இதை நான் சொன்னதில்லை.

“தெரிஞ்சிது மச்சான்” என்றேன்.

“அப்ப இன்னாத்துக்கு நிறுத்தல?”

“கட் சொல்லல.”

அவன் என் முகத்தைப் பார்க்கவில்லை. போனைத் துடைத்து என் மடியில் வைத்தான். பாசியை எடுக்க வலையை மறுபடி இழுத்துக்கொண்டான்.

“அந்தப் பொண்ணுங்க மேல கோவப்படாத” என்றான். “அதுங்களுக்கு இன்னா தெரியும்? பொம்மைன்னு நெனைச்சிச்சுங்க. நீ, அது நான்னு தெரிஞ்சிதான நின்ன.”